ஒன்பது இடங்களை மட்டும் எண்ணினோம்

தாய்லாந்துத் தேர்தலைப் பற்றி எழுத நம்மிடம் தேய்ந்துபோன ஒரு தடம் இருக்கிறது. தக்சின் குடும்பம், ராணுவம், அரண்மனை. கொஞ்ச காலமாக ஆரஞ்சு நிறத்து இளைஞர்கள். எல்லாம் சொல்லி முடித்தபின் கடைசிப் பத்தியில் 'சில சிறு கட்சிகள்' என்று ஒரு வரி. பிரச்சாசாட் கட்சியை அந்த வரிக்குள்ளேயே அடைத்து வைத்திருந்தோம். வெளிநாட்டு அரசியலை எழுதுபவர்கள், பதிப்பிப்பவர்கள், வாசிப்பவர்கள் என்று நம் எல்லோருக்கும் இதில் பங்கு உண்டு.

2023 மே தேர்தல் முடிந்ததும் கூட்டல் கணக்கில் இறங்கினோம். ஆரஞ்சுக் கட்சியான மூவ் ஃபார்வர்ட் 151, தக்சின் குடும்பத்தின் பியூ தாய் 141, பிரச்சாசாட் 9; கூட்டணி பேசிய எட்டுக் கட்சிகளும் சேர்ந்தால் 312. சபாநாயகர் பதவிக்குப் பெரிய கட்சிகள் இரண்டும் மல்லுக்கட்டியதில், ஜூலையில் அது பிரச்சாசாட் தலைவர் வான் முகமது நூர் மத்தாவிடம் போய்ச் சேர்ந்தது. 'சமரச வேட்பாளர்' என்று எழுதிவிட்டு நகர்ந்துவிட்டோம். அவர் யாலாவைச் சேர்ந்த மலாய் முஸ்லிம், 1996-லேயே அதே நாற்காலியில் அமர்ந்தவர் என்பதெல்லாம் நமக்கு வேண்டாத விவரங்களாகத் தோன்றின.

அந்த 9 இடங்களில் 7, யாலா, பத்தானி, நராதிவாட் என்ற மூன்று தென்கோடி மாகாணங்களில் தொகுதிவாரியாக வென்றவை. 2004 முதல் அங்கு நடக்கும் மோதலில் 7,000-க்கும் அதிகமானோர் இறந்திருக்கிறார்கள். குண்டு வெடித்தால் நாலு வரிச் செய்தி போடுவோம். அங்கிருப்பவர்கள் வாக்கும் போடுகிறார்கள், அந்த வாக்கில் கோபமும் கணக்குத் தீர்த்தலும் உண்டு என்று யோசித்ததில்லை.

அந்தக் கோபத்துக்கு ஒரு நாள் உண்டு: 2004 அக்டோபர் 25, ரமலான் மாதம். நராதிவாட்டின் தாக் பாய் காவல் நிலையத்துக்கு முன் ஆர்ப்பாட்டம் செய்தவர்களைப் பிடித்து, கைகளைப் பின்னால் கட்டி, ராணுவ லாரிகளில் ஒருவர்மேல் ஒருவராகக் கிடத்திக் கொண்டுபோனார்கள். 78 பேர் வழியிலேயே இறந்தார்கள். அங்கேயே இறந்தவர்களையும் சேர்த்தால் 85. ஆட்சி தக்சினுடையது. அந்த ஆட்சிக்குள் வான் நூரும் அவருடைய அரசியல் அணியான வாடா குழுவினரும் இருந்தார்கள்.

நாலு மாதம்கூட ஆகவில்லை, 2005 பிப்ரவரியில் தேர்தல். நாடு முழுக்க 500-இல் 370-க்கும் மேல் அள்ளிய தக்சினின் தாய் ராக் தாய் கட்சிக்கு இந்த மூன்று மாகாணங்களில் ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. வாடா குழுவின் பழைய கைகள் எல்லாம் தோற்றன. 'தக்சின் அலை' என்று தலைப்பிட்ட நாம், அலை திரும்பிப் போன இடத்தைப் பார்க்கவே இல்லை.

2018-இல் அதே ஆட்கள் பிரச்சாசாட் என்ற பெயரில் வந்தார்கள். 2019-இல் 7 இடம், பிறகு 9. மக்கள் மன்னித்துவிட்டார்களா? அப்படிச் சொல்வது அவசரம் என்றே படுகிறது. வேறு யார் தங்களுக்காகப் பேசப்போகிறார்கள் என்ற யோசனையும் அந்த வாக்குகளில் இருந்திருக்கலாம். இப்போது திடீரென்று இந்தக் கட்சியைச் சிறுபான்மையின் காவலனாகத் தூக்கிப் பிடிக்கப் புறப்பட்டால், அதுவும் கவனக்குறைவின் இன்னொரு வகையாகத்தான் இருக்கும்.

ஏனென்றால் 2023 ஆகஸ்டில், மூவ் ஃபார்வர்டை விட்டுவிட்டு ராணுவ ஆதரவுக் கட்சிகளையும் சேர்த்து பியூ தாய் அமைத்த கூட்டணியில் பிரச்சாசாட்டும் இருந்தது. அதன் மூத்த தலைவர் தவீ சோட்சோங் நீதி அமைச்சரானார். தாக் பாய் வழக்குக்குச் சட்டம் தந்திருந்த 20 ஆண்டு கெடு 2024 அக்டோபர் 25-இல் முடிந்தது. கெடுவுக்கு இரண்டு மாதம் முன்பு, இறந்தவர்களின் குடும்பங்கள் தொடுத்த வழக்கை நராதிவாட் நீதிமன்றம் ஏற்றிருந்தது. குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஒருவர் சம்பவத்தின்போது அப்பகுதி ராணுவத் தளபதி, பின்னாளில் பியூ தாய் எம்.பி. அவர் கட்சியிலிருந்து விலகினார். குற்றம் சாட்டப்பட்டவர்களில் ஒருவரும் நீதிமன்றப் படி ஏறவில்லை. வழக்கு அப்படியே முடிந்தது.

அந்த இரண்டு மாதங்களும் பாங்காக்கில் யார் பிரதமர், யார் அடுத்து என்பதிலேயே நம் கண் இருந்தது. நீதி அமைச்சகத்தைக் கையில் வைத்திருந்த கட்சி யாலா வாக்காளருக்கு என்ன பதில் சொல்லப்போகிறது என்று கேட்டிருக்கலாம். கேட்கவில்லை.