வீட்டின் மெய்யான விலை

அண்மையில் காரைக்காலில் ஓர் அன்பரின் இல்லத்திற்குச் சென்றிருந்தோம். பத்தாண்டுகளுக்கு முன் அவ்வீட்டின் மந்திரிப்புக்கும் நாம் போயிருந்தோம். பங்குத் தந்தை அறை அறையாகத் தீர்த்தம் தெளித்து வர, வீட்டுக்காரரும் அவர் மனைவியும் கையில் மெழுகுதிரியோடு பின்னே நடந்த காட்சி இன்றும் நம் கண்முன் நிற்கிறது. இம்முறை அந்த முகங்களில் பழைய மலர்ச்சியைக் காணவில்லை. காப்பி கொடுத்தபின் அன்பர் ஒரு காகிதத்தை நம்முன் வைத்தார். வீட்டுக் கடன் கொடுத்தவர்கள் அனுப்பிய கணக்கு அது.

"ஐயா, பத்து வருஷத்தில் ஒரு மாதம்கூடத் தவறியதில்லை. வாங்கியது இருபது லட்சம். இதுவரை கட்டியது இருபத்தோரு லட்சத்துக்கும் மேல். இன்னும் பதினாலு லட்சம் பாக்கி என்கிறார்கள். எங்கோ தப்பு நடந்திருக்கிறது. நீங்கள்தான் பார்த்துச் சொல்லவேண்டும்" என்றார்.

அவருடைய கவலைக்குக் காரணம் உண்டு. மகள் பன்னிரண்டாம் வகுப்பை முடிக்கப்போகிறாள். பாதிக் கடன் தீர்ந்திருக்கும், அவளுடைய மேற்படிப்புக்கு இவ்வீட்டின்பேரிலேயே மேலும் கொஞ்சம் பெற்றுக்கொள்ளலாம் என்று அவர் எண்ணியிருந்தார். வீடு வாங்கிய நாளில் முன்பணத்துக்காக அடகுக்குப் போன மனைவியின் நகைகளும் இன்னும் திரும்பவில்லை.

அந்த மகளையே ஒரு நோட்டும் பென்சிலும் எடுத்து வரச் சொன்னோம். அசல் 20 லட்சம், வட்டி ஆண்டுக்கு 9 சதவீதம், காலம் 20 ஆண்டு, மாதத் தவணை ஏறக்குறைய ரூ. 17,995. நடுவில் வட்டி சற்று ஏறி இறங்கியிருந்தாலும் கணக்கு எளிதாகும்பொருட்டு 9 என்றே கொண்டோம். முதல் மாத வட்டி எவ்வளவு? இருபது லட்சத்துக்கு ரூ. 15,000. அப்படியானால் கட்டிய தவணையில் அசலுக்குச் சேர்ந்தது ரூ. 2,995 மட்டுமே! அடுத்த மாதம் அசல் அந்த அளவு குறைகிறது, வட்டியும் ரூ. 22 குறைகிறது. இப்படி எறும்பு ஊர்வதைப் போலத்தான் அசல் தேய்கிறது. ஐந்தாண்டு முடிவில் கட்டியது ஏறக்குறைய 10 லட்சத்து 80 ஆயிரம். அதில் அசலுக்குப் போனது 2 லட்சத்து 26 ஆயிரம். பத்தாண்டு முடிவில் கட்டியது 21 லட்சத்து 59 ஆயிரம். பாக்கி அசல் 14 லட்சத்து 20 ஆயிரம்.

கணக்கில் பிழை இல்லை. கடன் கொடுத்தவர்கள் ஏமாற்றவும் இல்லை. காலத்தில் பாதி கழிந்தால் கடனிலும் பாதி கழியும் என்று நம்பியதுதான் பிழை. அதுவரை வாய்திறவாதிருந்த அம்மையார் அப்போது சொன்னார்: "அன்றைக்கு நாங்கள் கேட்டது ஒரே கேள்விதான். மாதம் எவ்வளவு என்று கேட்டோம். மொத்தம் எவ்வளவு என்று கேட்கவில்லை."

அன்பர்களே, அந்த அம்மையார் கேட்கத் தவறிய கேள்வியே இம்மாதம் நாம் உங்கள்முன் வைக்க விரும்புவது. மாதத் தவணை என்பது வீட்டின் விலை அன்று. இருபது லட்சம் கடன் இருபது ஆண்டில் 43 லட்சத்து 19 ஆயிரமாகத் திரும்பிப் போகிறது. அசலைவிட வட்டி பெரிது.

இக்காலத்துக் கடனில் வட்டியைவிட அதிகமாக விலையை ஏற்றுவது காலம். இதே கடனைப் பதினைந்து ஆண்டில் தீர்ப்பதானால் தவணை ரூ. 20,285. மாதம் ரூ. 2,290 கூடுதல். ஆனால் மொத்த வட்டி 16 லட்சத்து 51 ஆயிரமாகக் குறைகிறது. ஆறரை லட்சத்துக்கு மேல் மிச்சம்! மாறாக, "தவணை கனமாக இருக்கிறதே, முப்பது ஆண்டாக்கிக் கொள்ளலாம்" என்று ஒருவர் எண்ணினால், தவணை குறைவது ரூ. 1,900 மட்டுமே, மொத்த வட்டியோ 37 லட்சத்து 93 ஆயிரமாக ஏறுகிறது. மாதம் ஆயிரத்துத் தொள்ளாயிரம் மிச்சப்படுத்தப்போய்ப் பதினாலே முக்கால் லட்சம் அதிகம் கொடுப்பது சிக்கனம் ஆகுமா?

நம் முன்னோர்க்கு இந்த ஞானம் புதிதன்று. டெல்டாவில் நிலத்தை ஒத்திக்கு வைப்பது நெடுநாளைய வழக்கம். பணம் கொடுத்தவர் நிலத்தை அனுபவிப்பார். விளைச்சல் முழுவதும் அவருக்கு வட்டியாகும். எத்தனை போகம் கழிந்தாலும் வாங்கிய பணத்தில் ஒரு காசும் குறையாது. பழைய பிரான்சிலும் இவ்வகை ஈடு இருந்தது. விளைச்சலைக் கொண்டு அசலைக் கழித்து வந்தால் அதற்கு 'உயிருள்ள ஈடு' என்று பெயர். விளைச்சலை எல்லாம் பணக்காரர் எடுத்துக்கொண்டு, அசல் அப்படியே நின்றால் அது 'செத்த ஈடு'. பழைய பிரெஞ்சில் 'மோர் காஜ்'. ஆங்கிலேயர் அடமானத்தைக் குறிக்க வழங்கும் 'மார்ட்கேஜ்' என்ற சொல் அதிலிருந்து பிறந்ததே. 1163-இல் பாப்பரசர் மூன்றாம் அலெக்சாண்டர் தூர் நகரில் கூட்டிய சங்கம், குருக்கள் இத்தகைய ஈட்டில் பணம் கொடுப்பதைத் தடுத்தது. செலவு நீங்கலாக விளைச்சலால் அசல் ஈடாகிவிட்டதானால் சொத்தை உரியவரிடம் திருப்பித் தரவேண்டும் என்றும் விதித்தது.

இன்றைய வீட்டுக் கடன் பெயரளவில் உயிருள்ள ஈடுதான். ஒவ்வொரு தவணையிலும் அசல் சிறிதேனும் கழிகிறது. ஆயினும் முதற்சில ஆண்டுகளில் அது செத்த ஈட்டைப் போலவே நடந்துகொள்கிறது. அதற்கு உயிரூட்டுவது கடனாளியின் கையிலேதான் இருக்கிறது.

இதில் இன்னொரு சங்கடமும் உண்டு. இந்நாளில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டியில் தரப்படுபவை. ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி 2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆக உயர்ந்தது. வீட்டுக் கடன் வட்டியும் அதன்பின்னே ஏறிற்று. இருபது லட்சத்தை 7 சதவீத வட்டியில் இருபது ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை ஏறக்குறைய ரூ. 15,506. இரண்டாண்டு முடிவில் அவருடைய பாக்கி 19 லட்சத்துச் சொச்சம். அப்போது வட்டி 9.5 ஆகிறது என்று கொள்வோம். மாத வட்டியே ரூ. 15,053! தவணையை உயர்த்தாமல் விட்டால் அசலுக்குப் போவது ரூ. 453 மட்டும். பதினெட்டு ஆண்டில் தீரவேண்டிய பாக்கி முப்பத்தேழு ஆண்டுக்கு மேல் நீளும். தவணை மாறாததால் வீட்டாருக்கு ஒன்றும் தெரிவதில்லை. அறியாமலே பிள்ளையின் தலையில் கடன் ஏறுகிறது.

இத்தகைய நிலையைக் கண்டே 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஓர் ஆணை பிறப்பித்தது. வட்டி மாறும்போது கடன் கொடுத்தவர் அதைத் தெரிவிக்கவேண்டும்; தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் ஓரளவு செய்வதா என்று கடனாளியே தேர்ந்துகொள்ள இடமளிக்கவேண்டும். ஆகவே அத்தகைய கடிதமோ கைப்பேசிச் செய்தியோ வந்தால் படிக்காமல் ஒதுக்காதீர்கள். இயன்றவரை தவணையை உயர்த்துங்கள். வட்டி இறங்கும் காலத்தில் தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைத்துக்கொள்ளுங்கள். 2025-ஆம் ஆண்டிலேயே ரெப்போ வட்டி 6.5-லிருந்து 5.25 வரை இறங்கியது. மாறும் வட்டியில் கடன் உள்ளவர்கள் அந்த இறக்கம் தங்கள் கணக்கில் சேர்ந்ததா என்று கேட்டறிவது கடமை.

இவ்வளவும் சொல்வதால் கடன் வாங்கி வீடு கட்டுவதே தவறு என்று நாம் கூறுவதாக எண்ணலாகாது. வாடகை வீட்டில் இருப்பவரும் மாதந்தோறும் பணம் கொடுக்கத்தான் செய்கிறார். அதில் அவருக்கு ஒரு செங்கல்லும் மிஞ்சுவதில்லை. பத்தாண்டுக்கு முன் மலையாகத் தோன்றிய தவணை, சம்பளம் உயரும் குடும்பத்தில் நாளாக ஆகச் சிறுத்துத் தோன்றும் என்பதும் உண்மை. "வீட்டைக் கட்டிப் பார்" என்று பெரியோர் சொன்னது அச்சுறுத்த அன்று, ஆயத்தமாகச் சொன்னது. கோபுரம் கட்ட விரும்புகிறவன் முதலில் உட்கார்ந்து செலவைக் கணக்கிடுவான் என்று லூக்கா நற்செய்தி 14-ஆம் அதிகாரத்தில் நம் ஆண்டவர் காட்டும் உவமையும் இதையே அறிவுறுத்துகிறது.

செலவைக் கணக்கிடும்போது தவணைக்கு வெளியே இருப்பவற்றையும் சேர்க்கவேண்டும். முப்பது லட்சம் வரையுள்ள கடனுக்கு வங்கிகள் வீட்டு விலையில் 90 சதவீதம் வரையே தரலாம். மீதியும், பத்திரச் செலவும், கடன் விண்ணப்பக் கட்டணமும் நம் கையிலிருந்தே போகவேண்டும். அதற்கு நகையை அடகு வைத்தால் கடன்மேல் கடன். காப்புறுதிப் பிரீமியம் ரூ. 60,000-ஐக் கடனோடு சேர்த்துவிட்டால், 9 சதவீதத்தில் இருபது ஆண்டில் அது ஏறக்குறைய ரூ. 1,30,000 ஆகிவிடும். குடும்பத் தலைவரின் உயிருக்குக் காப்புறுதி மிக அவசியம்; ஆனால் அதைத் தனியே எடுத்து ஆண்டுதோறும் கட்டுவதே மேல்.

காரைக்காலில் வீடு கட்டுவோர் கடலையும் மறக்கலாகாது. 2004 டிசம்பரில் ஆழிப்பேரலை நம் கரையோரக் கிராமங்களில் செய்த அழிவையும், 2018 நவம்பரில் வந்த கஜா புயலையும் கண்டவர்கள் நாம். புயல் இல்லாத ஆண்டிலும் உப்புக் காற்று கம்பியை அரிக்கிறது, பூச்சை உதிர்க்கிறது. கடன் தீருமுன்னே வீடு பழுதுபார்க்கச் சொல்லும். அதற்கும் மாதம் ஒரு சிறு தொகையை எடுத்து வையுங்கள்.

கடன் வாங்குமுன் செய்யவேண்டியது ஒன்று. 2024 அக்டோபர் 1 முதல் புதிதாகக் கடன் கொடுப்போர், எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு விகிதத்தையும், தவணைதோறும் அசலுக்கு எவ்வளவு வட்டிக்கு எவ்வளவு என்ற பட்டியலையும் ஒரு விவரக் குறிப்பாகத் தரக் கடமைப்பட்டவர்கள். அதைக் கேட்டு வாங்கி, கையெழுத்திடுமுன் கணவனும் மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் ஒன்றாக உட்கார்ந்து படியுங்கள்.

வாங்கிய பின் செய்யவேண்டியதும் ஒன்று உண்டு. மாறும் வட்டியில் தனிநபர் பெற்ற வீட்டுக் கடனை முன்னதாக அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கலாகாது என்று 2012-இலேயே விதியாயிற்று. பிரான்சிலிருந்தும் வளைகுடாவிலிருந்தும் பணம் வரும் குடும்பங்கள் நம் பங்குகளில் பல. போனஸ் வரும், சீட்டு விழும், அறுவடைப் பணம் வரும். ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையை அதிகமாகக் கட்டினாலும், மேற்சொன்ன இருபது ஆண்டுக் கடன் ஏறக்குறையப் பதினாறரை ஆண்டில் தீரும்; நாலரை லட்சம் மிஞ்சும். ஆற்றிலே போட்டாலும் அளந்து போடு என்பார்கள். கடனிலே போடுவதை அளந்தும் போடவேண்டும், முந்தியும் போடவேண்டும்.

கஷ்டகாலம் வந்து தவணை தவறும் நிலை ஏற்பட்டால் ஒளிந்துகொள்ளாதீர்கள். தொண்ணூறு நாள் பாக்கி நின்றால் அது வாராக்கடன் ஆகும். அதன்பின் 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி அறுபது நாள் நோட்டீஸ் கொடுத்து, நீதிமன்றத்தில் வழக்காடித் தீர்ப்புப் பெறாமலே வீட்டைக் கையகப்படுத்த வங்கிக்கு அதிகாரம் உண்டு. முதல் தவணை தவறுமுன்னே போய்ப் பேசுங்கள். கடன் முழுவதும் தீர்ந்தபின் முப்பது நாளுக்குள் மூலப்பத்திரங்கள் திரும்ப வரவேண்டும். அவர்கள் பிழையால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ. 5,000 ஈடு தரவேண்டும் என்பது 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் உள்ள விதி.

நம் அன்பரின் வீட்டில் அன்று மாலை வேறொரு கணக்கும் போடப்பட்டது. பதினோராம் ஆண்டிலிருந்து ஆண்டுக்கு ஒரு தவணை அதிகம் கட்டினால் என்ன ஆகும்? ஓராண்டுக்குச் சற்று மேல் முன்னதாகத் தீரும். முதலாண்டிலேயே தொடங்கியிருந்தால் மூன்றரை ஆண்டு. மகள் இவ்விரண்டையும் ஒன்றன்கீழ் ஒன்றாக எழுதித் தந்தையிடம் நீட்டினாள். அவர் நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "சரி, அந்த ஓராண்டாவது மிஞ்சட்டும்" என்றார். படிப்புக்கு வீட்டின்பேரில் கடன் இல்லை, கல்விக் கடன் பற்றித் தனியே விசாரிப்பது என்றும் முடிவாயிற்று.

நாம் விடைபெற்ற வேளையில் அந்த நோட்டு ஜெபப் புத்தகங்கள் இருக்கும் அலமாரியில் வைக்கப்பட்டது. உங்கள் வீட்டிலும் அத்தகைய நோட்டு ஒன்று இருக்கட்டும். இன்றிரவே அதில் முதல் வரியாக எழுதுங்கள்: மொத்தம் எவ்வளவு?