நாள் தெரியாத தொகை உரிமை ஆகாது

சம்பளம் வாங்குபவருக்குச் சம்பள நாள் தெரியும். வீட்டுக்காரருக்கு வாடகை நாள் தெரியும். குழுக்கடன் கொடுத்த நிறுவனத்தின் வசூல்காரருக்குத் தவணை நாள் தெரியும். அன்று காலையிலேயே வாசலில் வந்து நிற்பார். ஆனால், படுக்கையை விட்டு எழ இயலாத மகனை இருபது ஆண்டுகளாகப் பேணிவரும் ஒரு தாய்க்கு, அவனுக்கு அரசு தரும் பராமரிப்பு உதவித்தொகை இம்மாதம் எந்த நாளில் வரும் என்பது தெரியாது. வங்கிக்குப் போய்க் கேட்கிறார். ‘இன்னும் ஏறவில்லை’ என்கிறார்கள். ஏன் ஏறவில்லை, எப்போது ஏறும் என்பதற்கு அங்கே விடை இல்லை.

தொகை போதவில்லை என்று பேசுவோர் பலர் உண்டு. அது நியாயமான பேச்சே. தொகை எந்த நாளில், எந்த வழியில், யாருடைய கையால் வந்து சேர்கிறது என்று பேசுவோர் குறைவு. இக்கட்டுரை அதைப் பற்றியது. நாளும் வழியும் உறுதி செய்யப்படாத தொகையை உரிமை என்று அழைப்பது ஏமாற்று. கொடுப்பவர் நினைத்தபோது கொடுப்பதற்குப் பெயர் பிச்சை.

முதலில் நடப்பு நிலையைப் பார்ப்போம். தமிழ்நாட்டில் இத்தொகை இரு வழிகளில் வருகிறது. கடும் உடல் பாதிப்பு உடையோர், அறிவுசார் குறைபாடு உடையோர், தசைச்சிதைவு நோயினர், தொழுநோயால் பாதிக்கப்பட்டோர் முதலானோருக்கு மாற்றுத்திறனாளிகள் நலத்துறை 2023 ஜனவரி முதல் மாதம் 2,000 ரூபாய் என நிர்ணயித்தது. வருவாய்த்துறையின் ஓய்வூதியத் திட்டத்தில் இருப்போருக்கு அதே மாதம் முதல் 1,000 ரூபாய் 1,500 ஆயிற்று. ஒன்றைப் பெறுபவர் மற்றதைப் பெற இயலாது. ஒன்றிய அரசின் இந்திரா காந்தி தேசிய மாற்றுத்திறனாளி ஓய்வூதியத் திட்டம் 80 விழுக்காட்டுக்கும் குறையாத பாதிப்புடைய ஏழைகளுக்காக 2009இல் தொடங்கியது. அதில் ஒன்றிய அரசு தரும் பங்கு 2012இலிருந்து மாதம் 300 ரூபாயாகவே நிற்கிறது.

2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளை ஏற்றுக்கொண்டது. அதன் 24ஆம் பிரிவு, பிறருக்கான இதே வகைத் திட்டங்களைவிடக் குறைந்தது 25 விழுக்காடு கூடுதலாக மாற்றுத்திறனாளிகளுக்குத் தர வேண்டும் என்கிறது. தொகையைப் பற்றி இவ்வளவு கவனமாகப் பேசும் அப்பிரிவில், தொகை வந்து சேரவேண்டிய நாளைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை.

அரசால் நாள் குறிக்க இயலாதா? 2023 செப்டம்பர் 15 அன்று தொடங்கிய மகளிர் உரிமைத் தொகைத் திட்டத்தில், ஒரு கோடிக்கும் மேற்பட்ட பெண்களின் கணக்கில் மாதந்தோறும் 15ஆம் தேதியையொட்டிப் பணத்தை வரவு வைத்துக் காட்டியது இதே தமிழ்நாட்டு அரசு இயந்திரம்தான். அந்தத் தேதி ஊரறிந்த தேதியாயிற்று. மாற்றுத்திறனாளிகளின் தொகைக்கு அப்படி ஊரறிந்த தேதி ஏதும் இல்லை. கோடிப் பேருக்கு இயன்றது, எண்ணிக்கையில் மிகக் குறைந்த இவர்களுக்கு இயலாமற் போவதற்குக் கருவியோ கணினியோ காரணமாக இருக்க முடியாது. இவர்கள் காத்திருப்பார்கள் என்ற எண்ணமே காரணம்.

அண்டை மாநிலமான ஆந்திரத்தைப் பாருங்கள். அங்கே மாதத்தின் முதல் நாளில் ஊழியர் வீடு தேடி வந்து ஓய்வூதியத்தைக் கையில் கொடுக்கும் முறை வழக்கமாகிவிட்டது. முதல் நாள் ஞாயிற்றுக்கிழமையானால் முந்தைய நாளே கொடுக்கிறார்கள்; 2024 செப்டம்பர் மாதத் தொகை ஆகஸ்ட் 31 அன்றே வழங்கப்பட்டது. 2024 ஜூலை முதல் மாற்றுத்திறனாளிகளுக்கான தொகையும் அங்கே 6,000 ரூபாய். படுக்கையில் கிடப்போருக்கு 15,000. ஆட்சி மாறியது, கொண்டுவந்து கொடுப்பவர் மாறினார், முதல் தேதி மாறவில்லை. மக்கள் அந்தத் தேதியைத் தமது உரிமையாகக் கருதிவிட்டதால், எந்த ஆட்சியாளருக்கும் அதைக் கைவிடும் துணிவு வரவில்லை. கேரளத்திலோ, கூட்டுறவுச் சங்கப் பணியாளர் வீட்டுக்கே வந்து கொடுக்கும் நல்ல ஏற்பாடு இருந்தும், 2023, 2024 ஆண்டுகளில் நிதி நெருக்கடியால் பல மாதத் தவணைகள் நிலுவையாயின. வாசல்வரை வரும் வழி இருந்தாலும், நாளுக்கு உறுதி இல்லையேல் ஏழையின் அடுப்பு அணைந்துதான் போகும் என்பதற்கு அதுவே சான்று.

நாள் தவறுவதால் என்ன கேடு என்று கேட்பவர்கள், மாதத்தின் பத்தாம் நாளில் அத்தகைய வீடொன்றுக்குள் சென்று பார்க்கட்டும். வலிப்பு மருந்து தீர்ந்திருக்கும். மருந்தை இரண்டு நாள் நிறுத்தினால் வலிப்பு வரும் என்பது அந்தத் தாய்க்குத் தெரியும். எனவே அடகுக்கடைக்குப் போவார். நகை இல்லையேல் வட்டிக்கு வாங்குவார். நம் மிம்பர்களில் வட்டியின் கொடுமையைப் பற்றி எத்தனை ஜும்ஆ உரைகள்! வட்டி ஹராம் என்று அந்தத் தாய்க்கும் தெரியும். அவரை அந்தப் படியில் ஏற்றிவிடுவது ஒரு தேதி தவறிய வரவு. வட்டியை வெறுக்கும் சமுதாயம், வட்டிக்கு ஆள் அனுப்பும் இந்தத் தாமதத்தையும் அதே குரலில் வெறுக்க வேண்டாமா?

வழியின் கதை இன்னும் கசப்பானது. முன்பு மணியார்டராகத் தபால்காரர் வீட்டில் கொண்டுவந்து கொடுத்தார். அவர் பத்தோ இருபதோ எடுத்துக்கொண்டார் என்ற குறை இருந்தது. அந்தக் குறையைப் போக்க வங்கிக் கணக்கு வந்தது. கசிவு குறைந்தது உண்மை. ஆனால் நடக்க இயலாதவரைத் தேடிப் பணம் வந்த காலம் போய், பணத்தைத் தேடி நடக்க இயலாதவர் போகும் காலம் வந்தது. ஆட்டோவுக்கு 200 ரூபாய் கொடுத்து 2,000 எடுத்து வருபவரிடம், கசிவு நின்றது என்று எப்படிச் சொல்வது?

கைரேகையைக் கேட்கும் கருவி, தொழுநோயால் விரல் இழந்தவரிடம் எதைக் கேட்கிறது? கண் சிமிட்டச் சொல்லும் செயலி, அமில வீச்சில் இமை கருகியவரிடம் எதைக் கேட்கிறது? இவை கற்பனைக் கேள்விகள் அல்ல. 2025 ஏப்ரல் 30 அன்று உச்ச நீதிமன்றம், கண் சிமிட்ட இயலாததால் வங்கியின் அடையாளச் சரிபார்ப்பில் தடுக்கப்பட்ட அமிலவீச்சுப் பாதிப்பாளரின் வழக்கில், மின்னணுச் சேவைகளை அணுகுவது வாழ்வுரிமையின் பகுதி என்று தீர்ப்பளித்து, 20 நெறிமுறைகளையும் விதித்தது. அதற்கு வெகு முன்பே, 2017 நவம்பரில், மாற்றுத்திறனாளிகளின் வீட்டுக்கே சென்று, கணக்கிலிருந்து எடுக்கும் பணத்தைக் கையில் தருவதுள்ளிட்ட சேவைகளைச் செய்யுமாறு ரிசர்வ் வங்கி எல்லா வங்கிகளுக்கும் அறிவுறுத்தியது. உங்கள் ஊர் வங்கிக் கிளையில் போய் அதைக் கேட்டுப் பாருங்கள். எத்தனை பேர் முகம் சுளிக்கிறார்கள் என்று எண்ணிக்கொண்டு வாருங்கள்.

நாம் முஸ்லிம்கள். இது நமக்குப் புதிய பாடம் அன்று. நம் வரலாற்றில் இந்தப் பாடம் முன்பே எழுதப்பட்டிருக்கிறது. உமர் (ரலி) அவர்கள் பதிவேடு அமைத்து மக்களுக்கு உதவித்தொகை வழங்கியபோது, பால்குடி மறந்த குழந்தைகளுக்கே தொகை என்ற விதி இருந்தது. மதீனாவின் எல்லையில் தங்கியிருந்த வணிகக் கூட்டத்திற்கு ஓர் இரவு காவலிருந்த கலீஃபா, ஒரு குழந்தையின் ஓயாத அழுகையைக் கேட்டார். பால் மறக்கச் செய்கிறேன், அப்போதுதான் உமர் தொகை தருவார் என்றார் தாய், தம்முன் நிற்பவர் யார் என அறியாமல். அன்றைய ஃபஜ்ர் தொழுகையில் அவர் ஓதியது விளங்காத அளவுக்கு அழுகை அவரை ஆட்கொண்டது என்று அறிவிக்கப்படுகிறது. விடிந்ததும், பிறந்த நாள் முதலே ஒவ்வொரு குழந்தைக்கும் தொகை என விதி மாற்றப்பட்டது.

இந்நிகழ்வைக் கலீஃபாவின் இரக்கத்துக்குச் சான்றாக மட்டுமே நாம் சொல்லிப் பழகிவிட்டோம். அதில் ஆட்சிக்குரிய ஒரு பாடம் இருக்கிறது. தொகையின் அளவில் அங்கே பிழை இல்லை. அது எப்போது தொடங்கும் என்ற விதியில்தான் பிழை. அந்த ஒரு விதி, தாய்மார்களைக் கொண்டே பச்சிளங்குழந்தைகளைப் பட்டினி போட வைத்தது. நல்ல நோக்கத்தோடு கொடுக்கும் அரசும், கொடுக்கும் முறையால் கொடுமை செய்ய முடியும். உமர் (ரலி) தம் விதியின் விளைவைத் தம் காதால் கேட்டதும், தாயைக் குறை கூறவில்லை, விதியை மாற்றினார்.

பின்வந்த உமய்யாக்களில் வலீத் இப்னு அப்துல் மலிக் தொழுநோயாளருக்குப் படி நிர்ணயித்து, அவர்களை இரந்து நிற்க வேண்டாம் என்றார். நடக்க இயலாதவருக்கு ஒரு பணியாளையும் பார்வையற்றவருக்கு ஒரு வழிகாட்டியையும் அமர்த்தினார் என்று வரலாற்றாசிரியர்கள் எழுதியுள்ளனர். எட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், பணத்தோடு அதைச் சுமந்து வரும் கையும் தேவை என்பதை ஓர் அரசு உணர்ந்திருந்தது.

செல்வரின் பொருளில் கேட்போருக்கும் இல்லாதோருக்கும் உள்ள பங்கை, திருக்குர்ஆனின் ‘அல்மஆரிஜ்’ அத்தியாயம் ‘ஹக்குன் மஃலூம்’ என்று குறிக்கிறது. அறியப்பட்ட உரிமை என்பது அதன் பொருள். கொடுப்பவர் மட்டும் அறிந்திருந்தால் போதுமா? பெற வேண்டியவரும் தமக்கு எவ்வளவு, எப்போது என்று அறிந்திருந்தால்தானே அது அறியப்பட்ட உரிமை?

எதிர்வாதங்களையும் கேட்போம். பொறுமை ஈமானில் ஒரு பகுதி, பொறுத்துக்கொள்ளட்டும் என்பர் சிலர். அல்லாஹ்வின் சோதனையில் பொறுமை காப்பது கடமை. ஒரு கோப்பு மேசையில் கிடப்பதைச் சோதனை என்று சொல்லி அல்லாஹ்வின் மீது சுமத்துவது அடாது. இறந்தவர் பெயரில் பணம் போகிறதே, சரிபார்க்க வேண்டாமா என்பர் வேறு சிலர். தாராளமாகச் சரிபார்க்கட்டும். உயிருடன் இருக்கிறார் என்ற சான்றுக்கு அவரைத் தூக்கிக்கொண்டு அலைய வைக்காமல், கிராம நிர்வாக அலுவலர் அவர் வீட்டுக்குச் சென்று பார்க்கட்டும். சரிபார்ப்பு முடியும்வரை தொகை தொடரட்டும்.

கோரிக்கைகள் எளியவை. மாதத்தில் ஒரு தேதியை அரசாணையால் அறிவிக்க வேண்டும். அது விடுமுறை நாளானால் முந்தைய வேலைநாளில் பணம் சேர வேண்டும். முன்னறிவிப்பும் காரணமும் எழுத்தில் தராமல் எவருடைய தொகையையும் நிறுத்தக் கூடாது. கேட்பவருக்கு வீட்டிலேயே தொகை வழங்க வேண்டும். கைரேகை பதியாதவருக்கு மாற்று வழி அதே நாளில், அதே இடத்தில் இருக்க வேண்டும்.

அரசை நோக்கி விரல் நீட்டும்போது நம் மஹல்லாவையும் பார்க்க வேண்டும். நாம் ஸகாத் கொடுக்கும் முறை என்ன? ரமளானின் கடைசிப் பத்தில், ஒரு பணக்காரரின் வீட்டு வாசலில், வெயிலில் ஒரு வரிசை. அந்த வரிசையில் நிற்கக் கால் வலுவுள்ளவருக்குத்தான் கிடைக்கிறது. வர இயலாதவர் ஆண்டு முழுவதும் நினைவில் வருவதில்லை. கொடுத்ததைச் சொல்லிக் காட்டியும் மனம் நோகச் செய்தும் தர்மத்தைப் பாழாக்காதீர்கள் என்று எச்சரிக்கும் வேதத்தை ஓதிக்கொண்டே, வரிசையைப் படம் பிடித்துப் பரப்புகிறோம். நாள் தவறும் அரசைவிட, ஆண்டுக்கு ஒரே ஒரு நாளை மட்டும் வைத்திருக்கும் நாம் எவ்வகையில் மேல்?

ஒவ்வொரு ஜமாஅத்தும் தன் மஹல்லாவில் உள்ள மாற்றுத்திறனாளிகளின் பெயர்ப் பதிவேடு ஒன்றை வைத்துக்கொள்ளட்டும். யாருக்கு அடையாள அட்டை இல்லை, யாருக்குத் தொகை நின்றுபோயிற்று என்பதை அது காட்டும். மனு எழுதவும் வங்கிக்கு உடன் செல்லவும் இளைஞர் இருவர் பொறுப்பேற்கட்டும். அரசுத் தொகை தாமதமாகும் மாதத்தில், வட்டிக்கடைக்குப் போகுமுன், பைத்துல்மாலிலிருந்து வட்டியில்லாக் கடன் வீடு சென்று சேரட்டும். ஸகாத்தை முன்கூட்டிக் கொடுக்க ஹனஃபி, ஷாஃபிஈ மத்ஹபுகளில் இடம் உண்டு. எனவே அடுத்த ஆண்டுக்கான ஸகாத்தை மாதந்தோறும் ஒரு குறித்த நாளில், உறையிலிட்டு, வீட்டில் கொடுக்கத் தடை ஏதுமில்லை. திங்கள்தோறும் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் குறைதீர்க்கும் நாளில், தேதி கேட்டு ஒரு மனு ஜமாஅத்தின் முத்திரையோடு போகட்டும். மதம் பாராமல் மஹல்லாவைச் சுற்றியுள்ள எல்லா மாற்றுத்திறனாளிகளின் பெயரும் அம்மனுவில் இருக்கட்டும்.

கண் தெரியாத தோழர் இப்னு உம்மு மக்தூம் (ரலி) தேடி வந்த வேளையில், குறைஷித் தலைவர்களிடம் பேசிக்கொண்டிருந்த நபி (ஸல்) அவர்கள் முகம் திருப்பியதற்காக, ‘அபஸ’ அத்தியாயம் இறங்கியது. நபியின் ஒரு கணத் திருப்பத்தையே கண்டித்த இறைவன், மாதம் முழுவதும் முகம் திருப்பி நிற்கும் நம்மைக் கேளாமல் விடுவானா? கேள்வி கேட்கப்படும் அந்த நாளுக்கு முன், கொடுக்க வேண்டிய நாளை நாம் குறித்துவிடுவோம். அல்லாஹ் அதற்கான தவ்ஃபீக்கை நம் அனைவருக்கும் தந்தருள்வானாக.