பணிக்கொடையும் கடந்துபோகும் காலமும்

வாழ்நாளின் பெரும்பகுதியை அரச நிறுவனங்களில் உழைத்துக் கழித்தவர்கள், ஓய்வுபெற்ற பின்னர் தமக்குரிய பணத்துக்காகக் காரியாலய வாசல்களில் காத்துக்கிடப்பது இந்நாட்டில் புதுமையான காட்சியல்ல. இத்தாமதத்தைச் சட்டம் எவ்வாறு நோக்குகின்றது என்பதை அவர்களில் பலர் அறிந்திருப்பதில்லை என்பதே கவலைக்குரியது.

1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைக் கொடுப்பனவுச் சட்டம் இவ்விடயத்தில் தெளிவாகவே பேசுகின்றது. ஐந்து வருடங்களுக்குக் குறையாது சேவையாற்றிய மாதச் சம்பள ஊழியருக்கு ஒவ்வொரு வருடத்துக்கும் அரை மாதச் சம்பளமும், ஏனைய தொழிலாளருக்கு 14 நாள் சம்பளமும் வழங்கப்படல் வேண்டும். சேவை முடிவடைந்து 30 நாட்களுக்குள் கொடுக்கத் தவறினால், தாமதத்துக்கு ஏற்ப 10 சதவீதம் முதல் 30 சதவீதம் வரை மேலதிகக் கட்டணம் சேரும். தொழில் ஆணையாளர் நீதவான் நீதிமன்றத்தின் ஊடாக அத்தொகையைத் தண்டப்பணம் போன்று அறவிடவும் முடியும். அரச கூட்டுத்தாபனங்கள் இதற்கு விலக்கல்ல.

ஆனால், நடந்தது என்ன? 1992இல் பெருந்தோட்டங்கள் தனியார் கம்பனிகளிடம் கையளிக்கப்பட்டபோது அரசின் வசமே எஞ்சிய, கண்டி, மாத்தளை மாவட்டத் தோட்டங்களின் தொழிலாளர்களே இதற்குச் சாட்சி. மக்கள் தோட்ட அபிவிருத்திச் சபை, அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் ஆகியவற்றின் கீழ் கொழுந்து பறித்தோரின் பணிக்கொடையும் ஊழியர் சேமலாப நிதிப் பங்களிப்பும் ஆண்டுக்கணக்கில் நிலுவையாகக் கிடந்தன. தனியார் முதலாளியை நீதிமன்றத்துக்கு இழுக்கும் அரச திணைக்களம், கடனாளியும் அரசே என்றாகும்போது தயங்குகின்றது. தண்டம் விதிக்கப்பட்டாலும் செலுத்த வேண்டிய நிறுவனத்தின் பெட்டி வெறுமையாக இருக்கின்றது. இறுதியில் திறைசேரியின் கருணைக்காகவே தொழிலாளி காத்திருக்க நேரிடுகின்றது.

ஓய்வூதிய உரித்துடைய அரச உத்தியோகத்தர்களுக்கு மேற்படி சட்டம் பொருந்தாது. அவர்கள் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பினால் ஆளப்படுகின்றனர். ஓய்வூதியம் பெறும் பூரண உரிமை எவருக்கும் இல்லை என்றே அக்குறிப்பின் முதற்பிரிவு தொடங்குகின்றது! ஓய்வு வயது 65இலிருந்து 60ஆகக் குறைக்கப்பட்டதால் 2022 டிசம்பர் இறுதியில் பெருந்தொகையானோர் ஒரே நாளில் வீடு சென்றனர். பொருளாதார நெருக்கடியின் மத்தியில் அவர்களில் பலர் தமது பணிக்கொடைக்காக மாதக்கணக்கில் காத்திருந்ததை நாம் மறந்துவிடவில்லை.

இருப்பினும் வழிகள் அடைபட்டுவிடவில்லை. காரணமின்றியோ பாரபட்சமாகவோ கொடுப்பனவு மறுக்கப்படுமாயின், அரசியலமைப்பின் 12(1)ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். மேன்முறையீட்டு நீதிமன்றில் எழுத்தாணை கோரலாம். நாடாளுமன்ற ஒம்புட்ஸ்மனிடம் முறையிடலாம். இங்குதான் ஒரு பொறி இருக்கின்றது. அடிப்படை உரிமை மனுவை 126ஆம் உறுப்புரை ஒரு மாத காலத்துக்குள் தாக்கல் செய்யக் கோருகின்றது. ‘அடுத்த மாதம் வாருங்கள், கோப்பு கொழும்புக்குப் போயிருக்கிறது’ என்ற வாய்மொழி உறுதியை நம்பிப் பொறுமை காத்த முதியவருக்கு, அப்பொறுமையே பாதகமாக முடியக்கூடும். ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறையிட்டால், அங்கு விசாரணை நடைபெறும் காலம் இக்கணக்கில் சேர்க்கப்படுவதில்லை என்பதையும் பலர் அறியார்.

ஆகவே, ஓய்வுபெறுவோர் வாய்மொழிப் பதில்களுடன் திரும்பாது, 2016ஆம் ஆண்டின் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் தமது கோப்பு எந்த மேசையில், எத்திகதியிலிருந்து கிடக்கின்றது என்பதை எழுத்தில் கேட்பதே நல்லது. 14 வேலை நாட்களுக்குள் அதுபற்றிய தீர்மானம் அறிவிக்கப்படல் வேண்டும்.

தொழிலாளருக்குத் தனியார் முதலாளி தாமதித்தால் மேலதிகக் கட்டணம் செலுத்த வேண்டும் என விதித்த அதே அரசு, தனது சொந்த ஓய்வூதியர் விடயத்திலும் அவ்வாறானதொரு கடப்பாட்டை ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பில் சேர்க்க முன்வருதல் வேண்டும். நிலுவையில் உள்ள தோட்டத் தொழிலாளரின் பணிக்கொடைக்குத் தனியானதொரு நிதி ஒதுக்கீட்டை வரவு - செலவுத் திட்டத்தில் காட்டுவதற்கும் திறைசேரிக்குத் தடையேதும் இல்லை.