வீட்டுக் கடன்: தவணையைக் கேட்கிறோம், விலையைக் கேட்பதில்லை

2020ஆம் ஆண்டு டிசம்பரில், கொவிட் காலத்துப் பொருளாதாரத் தேக்கத்துக்கு மத்தியில், மத்திய வங்கி ஓர் உத்தரவைப் பிறப்பித்தது. மாதச் சம்பளம் பெறும் அரச, தனியார் துறை ஊழியர்களுக்கு வழங்கப்படும் வீடமைப்புக் கடன்களுக்கு ஆண்டுக்கு 7 வீதத்துக்கு மேல் வட்டி அறவிடக் கூடாது, குறைந்தது முதல் ஐந்து ஆண்டுகளுக்கு அந்த வரம்பு பேணப்பட வேண்டும் என்பதே அதன் சாரம். ஆசிரியர்கள், முகாமைத்துவ உதவியாளர்கள், தாதியர் எனப் பலருக்கு அது நல்ல வாய்ப்பாக அமைந்தது. அப்போது வழங்கப்பட்ட கடன்களின் ஐந்தாண்டு 2025 டிசம்பர் முதல் ஒவ்வொன்றாக முடிவடைந்து வருகிறது. அடுத்து வரும் ஆண்டுகள் அன்றைய சந்தை வீதத்துக்கு உரியவை.

இந்த மாற்றம் ஒரு குடும்பத்தின் மாதச் செலவை எப்படிப் பாதிக்கும் என்பதை ஓர் உதாரணத்தால் பார்ப்போம். 50 இலட்சம் ரூபாவை 20 வருடத்துக்கு 7 வீதத்தில் பெற்றவரின் மாதத் தவணை ஏறக்குறைய 38,765 ரூபா. ஐந்து வருடம் ஒழுங்காகக் கட்டிய பின்னரும் அவருக்கு 43 இலட்சத்துக்குச் சற்று மேல் பாக்கி இருக்கும். மீதமுள்ள 15 வருடத்துக்கு வீதம் 10 ஆக மாறினால் தவணை 46,350 ரூபாவாகும். 12 ஆக மாறினால் 51,760 ரூபா. சம்பளம் அதே வேகத்தில் உயர்ந்திருந்தால் பிரச்சினை இல்லை. உயராதவர்கள்தான் அதிகம்.

இது நடக்காத ஒன்றைச் சொல்லிப் பயமுறுத்தும் கணக்கு அல்ல. வங்கிகள் தமது சிறந்த வாடிக்கையாளர்களிடம் அறவிடும் வட்டியின் சராசரியான முதன்மைக் கடன் வீதம் 2021இல் 6 வீதத்தைச் சுற்றி இருந்தது. 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி தனது கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. அந்த வருட இறுதியில் முதன்மைக் கடன் வீதம் 27ஐத் தாண்டிவிட்டது. மேற்சொன்ன 43 இலட்சம் பாக்கி அந்த நேரத்தில் 25 வீதத்துக்கு மாறியிருந்தால் வட்டி மாத்திரமே மாதம் 89,000 ரூபாவைக் கடந்திருக்கும். மிதக்கும் வீதத்தில் கடன் எடுத்திருந்த குடும்பங்கள் அந்த நாட்களை மறந்திருக்க மாட்டார்கள். இப்போது வீதங்கள் தணிந்துள்ளன. கொள்கை வீதம் 2025 மே மாதத்தில் 7.75 ஆகக் குறைக்கப்பட்டது. விளம்பரப் பலகைகளில் மீண்டும் வீடுகளும் சிரித்த முகங்களும் தோன்றியுள்ள இவ்வேளையில்தான் இதைப் பேச வேண்டியிருக்கிறது.

நமது மக்கள் வங்கிக்குப் போனால் முதலில் கேட்பது, "மாதம் எவ்வளவு வரும்?" என்பதே. அந்தக் கேள்வி பிழையல்ல. ஆனால் அதற்குக் கிடைக்கும் பதிலில் வீட்டின் விலை இல்லை. காலத்தை நீட்டினால் எந்தக் கடனின் தவணையையும் சிறிதாக்கிக் காட்டலாம். 50 இலட்சத்தை 12 வீதத்தில் 20 வருடத்துக்கு எடுத்தால் தவணை சுமார் 55,050 ரூபா. முழுக் காலத்திலும் கட்டி முடிப்பது 132 இலட்சம். அதே தொகையை 15 வருடத்தில் முடித்தால் தவணை 60,000 ரூபா, மொத்தம் 108 இலட்சம். மாதம் ஐயாயிரம் ரூபா குறைவாகத் தெரிந்ததற்காக 24 இலட்சம் கூடுதலாகக் கொடுக்கிறோம்.

இதைவிடவும் பலருக்கு அதிர்ச்சி தருவது கடன் குறையும் விதம். முதல் மாதத் தவணையான 55,050 ரூபாவில் 50,000 ரூபா வட்டிக்கே போய்விடும். கடனில் குறைவது ஐயாயிரம் மட்டும். ஐந்து வருடத்தில் 33 இலட்சம் கட்டியவரின் கடன் 50 இலட்சத்திலிருந்து 45.87 இலட்சத்துக்குத்தான் இறங்கியிருக்கும். பத்து வருடம், அதாவது பாதித் தூரம் கடந்து 66 இலட்சம் கட்டிய பின்பும் 38 இலட்சம் நிற்கும். "இத்தனை வருடம் கட்டியும் கடன் அப்படியே இருக்கிறதே, வங்கி ஏமாற்றுகிறதா?" என்று கேட்பவர்கள் உண்டு. வங்கி ஏமாற்றவில்லை. கையொப்பமிட்ட நாளிலேயே அந்த அட்டவணை தீர்மானமாகிவிட்டது. அதை வாங்கிப் பார்க்காமல் வந்ததுதான் விடயம்.

இவ்விடத்தில் சிலர், "இதெல்லாம் வட்டி வங்கியின் கதை. நாங்கள் இஸ்லாமிய முறையில் எடுக்கிறோம், எங்களுக்கு ஏன் இந்தக் கணக்கு?" என்பார்கள். இந்தக் கட்டுரையின் மையமே அந்தக் கேள்விதான்.

2005இல் வங்கித்தொழில் சட்டத்துக்குச் செய்யப்பட்ட திருத்தம் இலங்கையில் இஸ்லாமிய வங்கிமுறைக்குச் சட்ட ரீதியாக வழி திறந்தது. 2011இல் முழுமையான இஸ்லாமிய வங்கியாக அமானா வங்கி இயங்கத் தொடங்கியது. வழமையான வங்கிகளும் நிதிக் கம்பனிகளும் இஸ்லாமியப் பிரிவுகளை நடத்துகின்றன. வட்டியை அஞ்சி வாழும் ஒரு சமூகத்துக்கு இது பெரும் நிஃமத். அந்த ஒப்பந்தங்கள் மார்க்கத்தில் ஆகுமானவையா என்பதை உலமாக்களும் ஷரீஆ மேற்பார்வைச் சபைகளும் பார்த்துக்கொள்வார்கள். அதில் கருத்துக் கூற நான் வரவில்லை. ஆனால் ஒப்பந்தம் ஆகுமானது என்று அவர்கள் சொன்னால், அதன் விலை நியாயமானது என்றோ, உங்கள் வருமானத்துக்கு அது தாங்கும் என்றோ அவர்கள் சொன்னதாக ஆகாது. சந்தையில் ஹலால் இறைச்சி வாங்கும்போதும் கிலோ என்ன விலை என்று கேட்டுத்தானே வாங்குகிறோம்?

வீடுகளுக்கு அதிகம் பயன்படும் முறை குறைந்து செல்லும் முஷாரகா. வங்கியும் வாடிக்கையாளரும் வீட்டில் பங்காளிகள். வங்கியின் பங்குக்கு வாடிக்கையாளர் வாடகை கொடுக்கிறார். கூடவே அந்தப் பங்கைச் சிறு அலகுகளாக வாங்கிக்கொண்டே வருகிறார். கடைசி அலகை வாங்கியதும் வீடு முழுமையாக அவருடையது. தாமதித்தால் அறவிடப்படும் தொகை வங்கியின் இலாபத்தில் சேராமல் தர்மத்துக்குப் போவது போன்ற வேறுபாடுகள் உண்மையானவை, பெறுமதியானவை.

ஆனால் கணக்கு என்று வரும்போது, ஆரம்பத்தில் வங்கியின் பங்கு பெரிதாக இருப்பதால் தவணையில் பெரும் பகுதி வாடகையாகவே போகும். மேலே சொன்ன 50,000க்கும் 5,000க்கும் இடைப்பட்ட விகிதம் இங்கும் ஏறத்தாழ அப்படியே வரும். வாடகை 20 வருடத்துக்கும் ஒரேயளவில் இருக்கும் என்பதற்கும் உத்தரவாதமில்லை. பெரும்பாலான நீண்டகால ஒப்பந்தங்களில் அது குறித்த காலத்துக்கு ஒருமுறை மீளாய்வு செய்யப்படும். அந்த மீளாய்வு எதை அளவுகோலாகக் கொள்கிறது? பல இடங்களில் அதே முதன்மைக் கடன் வீதம் போன்ற சந்தை அளவுகோலைத்தான். ஆகவே 2022இல் வீசிய காற்று இந்தக் கதவையும் தட்டியது. உச்ச வரம்பு ஒன்று ஒப்பந்தத்தில் எழுதப்பட்டிருக்கிறதா, எத்தனை மாதத்துக்கு ஒருமுறை மீளாய்வு என்பனவற்றைக் கேட்டறிவது தக்வாவுக்கு முரணானதல்ல. கொடுக்கல் வாங்கலை எழுதிக்கொள்ளும்படி பணிக்கும் அல்பகரா 282ஆம் வசனம்தான் அல்குர்ஆனின் மிக நீளமான வசனம்.

முராபஹாவில் நிலைமை வேறு. வங்கி பொருளை வாங்கி இலாபம் சேர்த்து உங்களுக்கு விற்கிறது. விற்பனை விலை முதல் நாளே தெரியும், பிறகு ஏறாது. அந்த நிம்மதிக்கு ஒரு மறுபக்கம் உண்டு. முழு விலையும் அன்றே உங்கள் கடனாகிவிடுவதால், பாதியில் பணம் வந்து முடிக்க நினைத்தால் மீதி இலாபத்தில் கழிவு தருவது பொதுவாக வங்கியின் விருப்பத்தைப் பொறுத்தது.

கட்டுமானம் பாதியில் நிற்கும்போது எடுக்கும் சிறு கடன்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. கூரைக்கும் டைல்ஸுக்கும் என்று எடுக்கப்படும் இவற்றில் சில 'ஃபிளாட்' வீதத்தில் பேசப்படுகின்றன. 10 இலட்சத்துக்கு 12 வீதம், ஐந்து வருடம் என்றால் 6 இலட்சம் சேர்த்து 60ஆல் பிரித்துவிடுவார்கள். தவணை 26,667 ரூபா. நீங்கள் மாதாமாதம் முதலைக் குறைத்துக்கொண்டு வந்தாலும் முழுப் பத்து இலட்சத்துக்கும் கணக்கிடப்படுவதால், குறைந்து செல்லும் மீதிக்குக் கணக்கிட்டுப் பார்த்தால் உண்மையான வீதம் 20க்குச் சற்று மேல். 12 என்ற எண்ணைப் பார்த்து இதையும் வீடமைப்புக் கடனையும் ஒப்பிடுவோர் இன்றும் இருக்கிறார்கள்.

இனி கிழக்கு மாகாணத்துக்கு வருவோம். காத்தான்குடியிலிருந்து பொத்துவில் வரை, பெண் பிள்ளைக்கு வீடு கொடுத்துத்தான் கலியாணம் என்ற வழக்கம் இன்னும் உறுதியாக நிற்கிறது. இதனால் அங்கு வீட்டுக் கடனின் சுமை வேறெங்கும் இல்லாத ஒரு வயதில் வந்து சேர்கிறது. பொதுவாக வீட்டுக் கடன் முப்பது வயதுக்காரர் தனக்காக எடுப்பது. இங்கோ ஐம்பது வயது வாப்பா மகளுக்காக எடுக்கிறார். ஓய்வு பெறும் வயதுக்குள் முடிக்க வேண்டும் என்று வங்கி எதிர்பார்ப்பதால் அவருக்குக் கிடைப்பது பெரும்பாலும் பத்து வருடம். அதே 50 இலட்சம், அதே 12 வீதம், தவணை 71,700 ரூபா. மொத்தச் செலவு 86 இலட்சமாகக் குறைவது உண்மைதான், ஆனால் அந்த வருடங்களில்தான் இரண்டாவது மகளுக்கும் அத்திவாரம் வெட்ட வேண்டியிருக்கிறது. இளைய மகனின் பல்கலைக்கழகச் செலவும், உம்மாவின் மருந்தும் அதே சம்பளத்தில்தான். ஈட்டில் இருக்கும் வீட்டை மகளின் பெயருக்கு எழுதவும் வங்கியின் சம்மதம் தேவை. "உறுதி எப்போது கைக்கு வரும்?" என்று மாப்பிள்ளை வீட்டார் கேட்பார்கள். கடன் அட்டவணையை மட்டும் அவர்கள் கேட்பதில்லை.

சீதன வீட்டைப் பற்றிய மார்க்கத் தீர்ப்பு ஜும்ஆ மேடைகளில் பல தடவை சொல்லப்பட்டுவிட்டது. அதன் விலை சொல்லப்படவில்லை. மேல்மாடியும் பளபளக்கும் தரையும் சேர்ந்து கட்டடச் செலவு 15 இலட்சம் கூடினால், கடன் வழியாக அந்த 15 இலட்சத்தின் விலை பத்து வருடத்தில் 25 இலட்சத்துக்கும் மேல். இரு குடும்பமும் உட்கார்ந்து மஹர் பேசும் அதே பாயில் இந்த எண்ணையும் வைத்தால் பேச்சு எப்படி மாறும் என்று பார்க்க எனக்கு ஆசை.

கடனே வேண்டாம் என்பதும் என் கருத்தல்ல. கொழும்பில் வாடகை வீட்டில் இருப்பவர் 20 வருடத்தில் கொடுக்கும் வாடகையும் பெருந்தொகைதான், கடைசியில் அவர் கையில் எதுவும் மிஞ்சுவதில்லை. பணவீக்கத்தையும் கணக்கில் எடுக்க வேண்டும். 2022 செப்டெம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி அது 70 வீதத்தைத் தொட்டது. அதற்கு முன் நிலையான தவணையில் வீடு கட்டி முடித்தவர், அதே வீட்டைப் பிறகு கட்டத் தொடங்கியவரைவிடப் பல மடங்கு தப்பித்துக்கொண்டார். 2040இல் கொடுக்கப்போகும் 55,000 ரூபா இன்றைய 55,000 ரூபாவாக இருக்காது. இதெல்லாம் தவணை நிலையாக இருந்து, வருமானமும் தொடர்ந்தால்தான். இரண்டில் ஒன்று தவறினால் 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. பராட்டே என்று மக்கள் சொல்லும் அதிகாரத்தின் கீழ், உரிய கடன்களில் நீதிமன்றம் செல்லாமலே ஈட்டுச் சொத்தை ஏலமிட வங்கிக்கு முடியும். நெருக்கடிக்குப் பின் 2024இல் தற்காலிகமாக நிறுத்திவைக்கப்பட்ட அந்த அதிகாரத்துக்கான தடை 2025 மார்ச் இறுதியோடு முடிந்துவிட்டது.

தவணையில் வராத செலவுகளும் உண்டு. கட்டிய வீட்டை வாங்குபவர் முத்திரைத் தீர்வையாக முதல் ஒரு இலட்சத்துக்கு 3 வீதமும் மீதிக்கு 4 வீதமும் கொடுக்க வேண்டும். ஒரு கோடி பெறுமதிக்கு அது 3 இலட்சத்து 99 ஆயிரம். நொத்தாரிசு கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம், உறுதிப் பரிசோதனை, காப்புறுதி அல்லது தகாபுல் எல்லாம் வேறு. கையிலிருந்த நகையை விற்று முற்பணம் கட்டிய பிறகு இவை வந்து நிற்கும்போதுதான் பலர் இரண்டாவது கடனுக்கு ஓடுகிறார்கள்.

கடைசியாக, ஏற்கனவே கடனில் இருப்பவர்களுக்கு ஒரு கணக்கு. 20 வருடக் கடனின் ஐந்தாம் வருட முடிவில், வெளிநாட்டிலுள்ள மகன் அனுப்பியதோ சேமலாப நிதியிலிருந்து கிடைத்ததோ 5 இலட்சம் கையில் இருக்கிறது என்று வையுங்கள். அதை முதலில் கழித்து, அதே 55,050 ரூபாவைத் தொடர்ந்து கட்டினால் கடன் 43 மாதங்கள் முந்தி முடியும். கட்டத் தேவையில்லாமல் போகும் தவணைகளின் பெறுமதி 23 இலட்சத்துக்கும் மேல். பதினைந்தாம் வருடத்தில் அதே 5 இலட்சத்தைக் கட்டினால் இந்தப் பலனில் சிறு பகுதிதான் கிடைக்கும். இடைநடுவில் கட்டும் பணத்தை முதலில் கழிப்பார்களா, அதற்குக் கட்டணம் அறவிடுவார்களா, முஷாரகாவாயின் மேலதிக அலகுகளை எப்போது, என்ன விலைக்கு வாங்கலாம் என்று கிளை முகாமையாளரிடம் கேட்டு, பதிலை எழுத்தில் பெற்றுக்கொள்ளுங்கள். கேட்பதற்குச் சரியான நாள் கையொப்பமிடுவதற்கு முந்திய நாள். அது கடந்துபோனவர்கள் இந்தக் கிழமையே போகலாம்.