பிடிகாரர் விழுந்தால் தாங்குவது யார்?

தைப் பொங்கல் வந்துவிட்டால் கொங்கு நாட்டில் சடுகுடு ஆடாத ஊர் எது? சூலூரிலிருந்து அவிநாசி வரை, பொள்ளாச்சியிலிருந்து கோபி வரை, ஊர்ப் பொட்டலில் கோடு கிழித்து, கம்பம் நட்டு, விளக்குக் கட்டி, விடிய விடியப் பந்தயம் நடக்கிறது. எட்டு மணி நேரம் ஸ்பின்னிங்கில் நடந்து கால் ஓய்ந்த ஆலைத் தொழிலாளி அங்கே இருக்கிறார். பகலெல்லாம் மஞ்சள் வெட்டிவிட்டு வந்த விவசாயத் தொழிலாளியும் அங்கே இருக்கிறார். இந்த ஆட்டத்துக்கு மட்டை வேண்டாம், பந்து வேண்டாம். மூச்சும் உடம்பும் இருந்தால் போதும். வேறு சொத்து இல்லாத மக்கள் இதைத் தங்கள் ஆட்டமாக வைத்துக் கொண்டிருப்பதில் ஆச்சரியம் என்ன?

ஆனால் கைதட்டல் யாருக்குக் கிடைக்கிறது? பாடிச் செல்பவருக்கு. நாலு பேரைத் தொட்டுவிட்டுத் துள்ளிக் கோட்டைத் தாண்டி வருகிறாரே, அவரைத்தான் வாலிபர்கள் தோளில் தூக்கிக் கொண்டாடுகிறார்கள். நல்லது, கொண்டாடட்டும். நாம் இன்று பேச விரும்புவது எதிர்ப் பக்கத்தில் மண்ணில் குப்புற விழுந்து கிடக்கிறாரே, அந்தப் பிடிகாரரைப் பற்றி.

பாடி வருபவருக்கு முப்பது விநாடி. அவரைத் தடுக்க நிற்பவர்கள் ஏழு பேர். இரு ஓரங்களிலும் நிற்பவரைக் கார்னர் என்கிறார்கள். அவருக்கு உள்ளே நிற்பவரைக் கவர் என்கிறார்கள். கார்னரில் நிற்பவர் எதிரியின் கால் நீளும் நேரம் பார்த்துக் கணுக்காலைப் பிடிக்க வேண்டும். கண் இமைக்கும் நேரம் முந்தினால் தொட்டுவிட்டுப் போய்விடுவார். பிந்தினால் கோட்டைத் தாண்டிவிடுவார். பிடித்தால் மட்டும் போதுமா? பக்கத்தில் நிற்பவர் அதே நொடியில் வந்து விழ வேண்டும். இல்லாவிட்டால் பிடித்தவரையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போய்விடுவார். களத்தில் மூன்று பேரோ அதற்குக் குறைவாகவோ நிற்கும்போது பிடித்துவிட்டால் இரட்டைப் புள்ளி. ஆள் குறைந்தால் கூலி இரட்டிப்பு! நாலு பேர் வேலையை இரண்டு பேரிடம் வாங்கும் ஆலைக்காரர்கள் இந்தச் சட்டத்தை மட்டும் கற்றுக் கொள்ளவே இல்லை.

இப்படிப்பட்ட ஒரு பிடிகாரரின் கதையைச் சொல்கிறோம். தர்மராஜ் சேரலாதன். 1975இல் பிறந்தவர். தஞ்சாவூரை அடுத்த திருமலைசமுத்திரம் அவருடைய ஊர். வலது கார்னரில் நிற்பவர். ப்ரோ கபடி லீக் என்ற பெயரில் டெலிவிஷன் பந்தயங்கள் 2014இல் தொடங்கியபோது அவருக்கு வயது முப்பத்தொன்பது. பெரும்பாலான ஆட்டக்காரர்கள் முழங்காலில் துணி கட்டிக்கொண்டு வீட்டில் உட்காரும் வயது அது. அவரோ அந்த வயதில் பெங்களூர் கோஷ்டியில் களமிறங்கினார். 2016 ஜூலை 31 அன்று ஹைதராபாத்தில் நடந்த இறுதிப் போட்டியில் ஜெய்ப்பூரை 37க்கு 29 என்று வென்ற பாட்னா கோஷ்டிக்குக் காப்டன் அவர்தான். அதே வருஷம் அக்டோபர் 22 அன்று அகமதாபாத்தில் ஈரானை 38க்கு 29 என்று வென்று உலகக் கோப்பை வாங்கிய இந்தியக் கோஷ்டியிலும் இருந்தார். அப்போது வயது நாற்பத்தொன்று. 2019இல் ஹரியானா கோஷ்டிக்குக் காப்டன். 2021 டிசம்பரில் தொடங்கிய பந்தயத்தில் ஜெய்ப்பூர் கோஷ்டியில் இடம் பெற்றபோது நாற்பத்தாறு. மகன் வயது வாலிபர்கள் அவரை "அண்ணா" என்றே அழைத்தார்கள். 2024இல் தமிழ் தலைவாஸ் கோஷ்டியின் பயிற்சிக் குழுவில் சேர்ந்தார்.

இத்தனை வருஷம் ஒரு உடம்பு எப்படித் தாங்கியது? சிட்சையும் நிதானமும் ஒரு காரணம். இன்னொன்றும் உண்டு. வயது ஏறிய பிடிகாரர் கால் பலத்தால் ஆடுவதில்லை, கண்ணால் ஆடுகிறார். எதிரியின் தோள் எந்தப் பக்கம் சாய்கிறது என்று பார்த்தே கால் எங்கே வரும் என்று சொல்லிவிடுகிறார். பக்கத்தில் நிற்கும் வாலிபருக்கு எப்போது பாய வேண்டும், எப்போது பொறுக்க வேண்டும் என்று சொல்லிக் கொடுக்கிறார். பழைய தொழிலாளி மெஷினின் சத்தத்தைக் கேட்டே நோய் எங்கே என்று சொல்வாரே, அதே ஞானம். அனுபவத்துக்கு மதிப்பு உண்டு என்பதற்குச் சேரலாதன் ஒரு சாட்சி.

ஆனால் தோழர்களே, ஒரு சேரலாதனைக் காட்டி ஆயிரம் பேரை மறைத்துவிட நாம் சம்மதிக்க முடியாது.

இந்தப் பந்தயத்தில் ஆட்டக்காரர்களை ஏலம் போடுகிறார்கள். 2014இல் நடந்த முதல் ஏலத்தில் மிக அதிக விலை 12 லட்சத்து 80 ஆயிரம் ரூபாய். 2018இல் முதல் முதலாக ஒரு கோடியைத் தொட்டவர் ஈரான் தேசத்துப் பிடிகாரர் ஃபசல் அத்ராசலி. 2023இல் பவன் செராவத் என்ற ஆட்டக்காரருக்கு 2 கோடியே 60 லட்சத்துக்கு மேல் கொடுத்தார்கள். 2021 முதல் ஐந்து வருஷத்துக்கு டெலிவிஷனில் காட்டும் உரிமை மட்டும் சுமார் 908 கோடி ரூபாய்க்கு விலை போயிற்று. ஊர்ப் பொட்டலில் ஆடிய ஆட்டம் இத்தனை பணம் ஈட்டும் என்று யார் நினைத்தார்கள்? உழைப்பாளி வீட்டுப் பையன்கள் சிலர் நாலு காசு பார்க்கிறார்கள், நமக்குச் சந்தோஷமே. நாம் கேட்பது வேறு: உடம்பு உடைந்த மறுநாள் என்ன?

இதே பவன் செராவத்தை 2022இல் தமிழ் தலைவாஸ் 2 கோடியே 26 லட்சத்துக்கு எடுத்தது. பாடுவதில் பெயர் பெற்றவர் அவர். அந்த அக்டோபரில் முதல் ஆட்டத்திலேயே ஒருவரைப் பிடிக்கப் போன இடத்தில் முழங்கால் போயிற்று. ஸ்ட்ரெச்சரில் கொண்டு போனார்கள். அந்தப் பந்தயம் முழுவதும் அவர் ஆடவில்லை. பெரிய ஆட்டக்காரர், சிகிச்சை கிடைத்தது, தேறினார், மறு வருஷமே அதைவிடப் பெரிய விலைக்குத் திரும்பி வந்தார். நம் ஊர்ப் பையனுக்கு இப்படி நேர்ந்தால்?

சில வருஷங்களுக்கு முன் நமது சங்க ஆபீசுக்கு ஒரு வாலிபர் நொண்டிக்கொண்டு வந்தார். ஒரு நூற்பாலையில் ஏஜெண்ட் மூலம் வேலைக்குச் சேர்ந்தவர். பொங்கல் பந்தயத்தில் கார்னரில் நின்று பிடித்தபோது முழங்காலில் ஜவ்வு கிழிந்துவிட்டது. அவருடைய கோஷ்டிக்குத்தான் முதல் பரிசு. ஒரு கோப்பை, கொஞ்சம் ரூபாய். ஏழு பேரும் பங்கு போட்டதில் அவர் பங்கு ஸ்கேன் எடுக்கக்கூடக் காணவில்லை.

"தோழர், காலு போச்சுங்க. ஒரு மாசம் லீவு கேட்டேனுங்க. வேற ஆளப் போட்டாச்சு, நீ வர வேண்டாம்னுட்டாங்க" என்றார்.

இ.எஸ்.ஐ. அட்டை எங்கே என்று கேட்டோம். அப்படி ஒன்று இருப்பதே அவருக்குத் தெரியாது. முறைப்படி அவர் பெயரைச் சேர்த்துச் சந்தா கட்டியிருந்தால் வைத்தியம் கிடைத்திருக்கும். 91 நாள் வரை கூலியில் 70 சதவீதமும் கிடைத்திருக்கும். காயம் ஆலைக்குள் பட்டதா, ஆடுகளத்தில் பட்டதா என்று அந்த வைத்தியத்துக்குக் கேள்வி இல்லை. அட்டை இல்லாததால் ஒன்றும் இல்லை. கோப்பை மட்டும் ஊர் டீக்கடை அலமாரியில் இருந்தது.

இதைவிடக் கொடுமையும் நடந்திருக்கிறது. 2022 ஜூலையில் கடலூர் ஜில்லா பண்ருட்டி அருகே ஒரு பந்தயத்தில், பாடிச் சென்ற 22 வயதுக் கல்லூரி மாணவர் களத்திலேயே விழுந்து உயிர்விட்டார். பிடிக்க வந்தவரும் அவரைப் போன்ற ஒரு வாலிபர்தான். அவர்மீது குற்றம் சொல்லிப் பயனில்லை.

கடல் கடந்த ஒரு கதையையும் சொல்கிறோம். அமெரிக்காவில் ஃபுட்பால் என்று ஓர் ஆட்டம். நம் கால்பந்து போன்றதன்று. பந்தைக் கையில் ஏந்தி ஓடுபவரை எதிர்க் கோஷ்டியார் மோதிச் சாய்ப்பார்கள். ஒரு வகையில் நம் சடுகுடுவுக்கு அது தூரத்துப் பங்காளி. அங்கே டேவ் டூயர்சன் என்ற பெரிய தடுப்பாட்டக்காரர் இருந்தார். 1983இலிருந்து 1993 வரை ஆடி, சிகாகோ கோஷ்டியிலும் நியூயார்க் கோஷ்டியிலும் இரண்டு தடவை தேசத்தின் உச்சக் கோப்பையை வென்றவர். ஓய்வு பெற்ற பின், ஊனமடைந்த ஆட்டக்காரர்களின் மனுக்களைப் பரிசீலிக்கும் குழுவில் உட்கார்ந்தார். தலையில் படும் அடிக்கும் பிற்கால மூளை நோய்க்கும் சம்பந்தம் உண்டா என்று அவரே சந்தேகம் கிளப்பினார். கடைசியில் அவருக்கே ஞாபகம் தடுமாறத் தொடங்கியது. 2011 பிப்ரவரியில், ஐம்பதாவது வயதில், தன் உயிரைத் தானே மாய்த்துக் கொண்டார். தன் மூளையை ஆராய்ச்சிக்குக் கொடுக்கும்படி சொல்லிவிட்டுப் போனார். பாஸ்டன் சர்வகலாசாலை டாக்டர்கள் அறுத்துப் பார்த்தார்கள். ஓயாத மோதலால் வரும் மூளை நோய் அதில் இருந்தது.

ஆலைத் தொழிலாளிகளுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பஞ்சுத் தூசி நெஞ்சில் இறங்குவது இறங்கும் நாளில் தெரிவதில்லை. பத்து இருபது வருஷம் கழித்து இருமல் வந்து படுக்கும்போது, "பீடி குடித்திருப்பாய்" என்று சொல்ல ஆள் இருக்கிறது. உடம்பு தேய்ந்தது எங்கே என்று நிரூபிக்கும் பாரம் எப்போதும் தேய்ந்தவன் தலையில்தான்.

ஆனால் அமெரிக்க ஆட்டக்காரர்கள் அத்துடன் விடவில்லை. 4,500க்கு மேற்பட்ட பழைய ஆட்டக்காரர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். 2013இல் 765 மில்லியன் டாலர் தருவதாக லீக் ஒப்புக்கொண்டது. அது போதாது என்று நீதிபதி சொல்ல, உச்சவரம்பையும் நீக்கி, 2015இல் ஒப்பந்தம் உறுதியாயிற்று.

"விளையாட்டில் சங்கமா?" என்று சிலர் சிரிக்கிறார்கள். 1982இல் அதே ஆட்டக்காரர்கள் 57 நாள் வேலைநிறுத்தம் செய்தார்கள். 16 ஆட்டம் நடக்க வேண்டிய வருஷத்தில் 9 ஆட்டமே நடந்தது. 1971இல் லீகின் தலைசிறந்த ஆட்டக்காரர் என்ற விருதை வாங்கிய முதல் தடுப்பாட்டக்காரர் ஆலன் பேஜ். அந்தக் கறுப்பினத் தோழர் ஆட்டக்காரர் சங்கத்தின் முன்னணியில் நின்றவர். ஆடிக்கொண்டே சட்டம் படித்து, 1993 முதல் 2015 வரை மினசோட்டா மாகாண சுப்ரீம் கோர்ட்டில் நீதிபதியாக இருந்தார். சங்கம் சேர்ந்ததால் அவர் ஆட்டம் கெட்டுப் போயிற்றா?

இன்னும் சிலர், "ஆசைப்பட்டு ஆடுகிறான், அடிபட்டால் அவன் பொறுப்பு" என்கிறார்கள். ஆசைப்பட்டுத்தான் ஆடுகிறான். ஆனால் பந்தயத்தால் லாபம் அடைபவர் ஒருவர், பெயர் வாங்குபவர் ஒருவர், வைத்தியச் செலவுக்கு மட்டும் அவன் தாய் காதுத் தோட்டை அடகு வைக்க வேண்டும் என்பது எந்த ஊர் நியாயம்?

முன்பு கபடிக்காரர்களுக்கு ஒரு தாங்கு இருந்தது. ரயில்வே, போலீஸ், பொதுத்துறை ஸ்தாபனங்கள் கோஷ்டி வைத்து, ஆட்டக்காரருக்கு உத்தியோகம் கொடுத்தன. கால் ஓய்ந்தாலும் மாசச் சம்பளம் ஓயாது. ஏர் இந்தியாவுக்கும் பெயர் பெற்ற கபடிக் கோஷ்டி உண்டு. 2022 ஜனவரியில் அந்த ஸ்தாபனமே டாடாவிடம் போயிற்று. இப்படி ஒவ்வொன்றாகப் போனால் ஏலத்தில் விலை போகாத பையன் எங்கே போவான்?

எனவே நாம் கேட்பவை இவை:

1. டாக்டரும் ஆம்புலன்சும் இல்லாத பந்தயத்துக்கு அனுமதி கூடாது.

2. பெயர் பதிந்த ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் விபத்து இன்ஷ்யூரன்ஸ் வேண்டும். சந்தாவைப் பந்தயம் நடத்துபவர்களும் சர்க்காரும் கட்ட வேண்டும்.

3. டெலிவிஷன் வருமானத்தில் ஒரு பங்கு, காயம்பட்டவருக்கும் வயதானவருக்கும் நிதியாக ஒதுக்கப்பட வேண்டும்.

4. சர்க்கார் உத்தியோகங்களில் விளையாட்டுக்காரர்களுக்கு உள்ள 3 சதவீத ஒதுக்கீட்டில் ஓர் இடமும் காலியாக நிற்கக் கூடாது.

5. ஆட்டக்காரர்கள் தங்களுக்கென்று ஒரு சங்கம் காண வேண்டும். அதன் நிர்வாகத்தில் லீக் ஆட்டக்காரரும் இருக்க வேண்டும், ஊர்ப் பொட்டல் ஆட்டக்காரரும் இருக்க வேண்டும்.

இதில் நமக்கும் வேலை உண்டு. அடுத்த பொங்கலுக்கு உங்கள் ஊரில் கோடு கிழிக்கும் முன், விழாக் கமிட்டியாரைப் பார்த்து முதல் கோரிக்கையைக் கேளுங்கள். நன்கொடை வசூலித்துப் பந்தல் போடுகிறவர்கள் ஓர் ஆம்புலன்சை நிறுத்த முடியாதா? ஆடுகிற பையனிடம் இ.எஸ்.ஐ. அட்டை இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லாவிட்டால் சங்கத்துக்கு அழைத்து வாருங்கள்.

கார்னரில் நிற்பவர் காலைப் பிடித்ததும் திரும்பிப் பார்ப்பதில்லை. கவரில் நிற்பவர் வந்து விழுவார் என்ற நம்பிக்கையில்தான் அவர் பாய்கிறார். ஊருக்காகப் பாய்ந்தவன் மண்ணில் கிடக்கும்போது நாம் கோட்டுக்கு வெளியே நின்று கைதட்டிக் கொண்டிருக்கலாமா?