வெடிக்குத் தெரியாது!

யாழ்ப்பாணம் போகும் ஏ-9 சாலையில் இருக்கிறது முகமாலை. போரில் இரு தரப்பும் அங்கே வரிசை வரிசையாகக் கண்ணிவெடிகளைப் புதைத்தன. 2009-ல் போர் முடிந்தது. வெடிகளுக்கு அது தெரியாதே! விறகு பொறுக்கப் போகிறவர் கால் பட்டாலும் வெடிக்கும்.

அவற்றைத் தோண்டி எடுப்பவர்களில் பலர் பெண்கள். போரில் கணவரை இழந்தவர்களும் உண்டு. முட்டி போட்டு, அங்குலம் அங்குலமாக மண்ணைச் சுரண்டுகிறார்கள்.

கண்ணிவெடிகளைத் தடை செய்யும் ஒட்டாவா ஒப்பந்தம் 1997-ல் கையெழுத்தானது. இலங்கை அதில் சேர 20 வருடங்கள் ஆயின. அமெரிக்கா, ரஷ்யா, சீனா, இந்தியா சேரவே இல்லை. ரஷ்யாவுக்குப் பயந்து பின்லாந்து, போலந்து உட்பட ஐந்து ஐரோப்பிய நாடுகள் 2025-ல் விலக முடிவெடுத்தன.

எல்லைக்குக் காவல் வேண்டும்தான். ஆனால், முகமாலைப் பெண்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு முடிவெடுத்திருக்கலாம்!