நட்சத்திரத்தை உருவாக்கிய சிறுநகர அரங்கம்

ஆந்த்ரேய் தார்க்கோவ்ஸ்கியின் ‘சோலாரிஸ்’ (1972) திரைப்படத்தில், விண்வெளி நிலையத்தில் தன் மனச்சாட்சியையே எதிர்கொள்ளும் கிரிஸ் கெல்வினாக நடித்தவர் லித்துவேனியக் கலைஞர் டோனடாஸ் பானியோனிஸ் (1924–2014). உலகம் அவரைத் திரையில் கண்டது. ஆனால் அவரை உருவாக்கியது திரையுலகம் அன்று. பானெவெஜிஸ் என்னும் சிறுநகரத்தின் அரசு நாடக அரங்கம். கலையைச் சந்தையிடம் ஒப்படைத்தால் திறமை தானே மலரும் என்று வாதிடுவோர் இவ்வாழ்வை ஊன்றிப் பார்க்க வேண்டும்.

கௌனாஸ் நகரில் பிறந்து மட்பாண்டத் தொழில் பயின்ற அந்த இளைஞர், 1941இல் பானெவெஜிஸ் அரங்கில் சேர்ந்தார். பாரிசில் நாடகம் கற்றுத் திரும்பிய ஜுவோசாஸ் மில்டினிஸ் அவரது ஆசானானார். ‘எவரும் சாக விரும்பவில்லை’ படத்திற்காகக் கார்லோவி வாரி திரைப்பட விழாவில் சிறந்த நடிகர் விருது பெற்றபோது ஆண்டு 1966, வயது 42. ஒரு நடிகனுக்காக இருபத்தைந்து ஆண்டுகள் காத்திருக்க எந்த முதலாளி முன்வருவான்? மக்கள் பணத்தில் இயங்கிய அரங்கம் காத்திருந்தது.

அதன்பின் கோசின்ட்சேவின் ‘லியர் மன்னன்’, கோன்ராட் வோல்ஃபின் ‘கோயா’ எனப் பெரும் படைப்புகள் அவரைத் தேடி வந்தன. 1974இல் சோவியத் ஒன்றியத்தின் மக்கள் கலைஞர் என்ற பட்டமும் கிடைத்தது. எனினும் அவர் தம் அரங்கைக் கைவிடவில்லை. 1980 முதல் 1988 வரை அதன் கலைத் தலைமைப் பொறுப்பையும் ஏற்றார்.

இக்கதையில் கறைகளும் உண்டு. 1954இல் மில்டினிஸ் பதவியிலிருந்து நீக்கப்பட்டார். 1959இல்தான் திரும்ப முடிந்தது. ‘சோலாரிஸ்’ படத்தில் பானியோனிசின் முகம் இருக்கிறது. குரல் வேறொரு நடிகருடையது. லித்துவேனிய உச்சரிப்புக்கு ருஷ்யத் திரையில் இடம் குறைவாகவே இருந்தது. இவற்றை மூடி மறைப்பதால் சோசலிசத்திற்குப் பெருமை சேராது. அதிகாரிகளின் கெடுபிடியும் மொழிகளிடையே ஏற்றத்தாழ்வும் களையப்பட வேண்டிய பிழைகள். அவற்றைக் காரணம் காட்டி அரங்கையே மூடச் சொல்வது, நோய்க்கு மருந்தாக நோயாளியைக் கொல்வதாகும்.

பானெவெஜிஸ் அரங்கம் இன்று மில்டினிஸின் பெயரையே தாங்கி நிற்கிறது. அவரை நீக்கியவர்களின் பெயர்களை நினைவுகூர்வோர் அரிது. கலைக்குத் தேவை இரண்டு: மக்களின் நிதி, கலைஞனின் சுதந்திரம். முதலாவதைச் சந்தை தராது. இரண்டாவதை அதிகார வர்க்கம் தானாகத் தராது. இரண்டையும் போராடியே பெற வேண்டும்.